தொப்பூர்க் கணவாயும் வியன்னாவின் முரசும்

சேலத்திலிருந்து தர்மபுரி நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலை தொப்பூர்க் கணவாயை நெருங்கும் இடத்தில், சரக்குந்துகள் இளைப்பாறும் தேநீர்க் கடைகள் உள்ளன. சில மாதங்களுக்கு முன் அங்கு அமர்ந்திருந்தபோது, பின்னோக்கி நகர்ந்த வாகனமொன்றின் எச்சரிக்கைக் கருவியிலிருந்து மெல்லிய மணியோசை போன்றதோர் இசை ஒலித்தது. பீத்தோவன் 1810ஆம் ஆண்டளவில் எழுதிய 'எலீஸுக்காக' என்னும் சிறு பியானோ இசைதான் அது. அங்கிருந்த எவருக்கும் அது பீத்தோவன் அன்று; பின்னால் நிற்பவன் விலக வேண்டும் என்னும் அறிவிப்பு, அவ்வளவே. எனினும் அந்த ஓசையும் அந்த இடமும் சேர்ந்து என் நினைவில் வேறோர் ஆண்டை எழுப்பின. அது 1790.

அவ்வாண்டு நவம்பர்த் திங்களின் நடுப்பகுதியில், மூன்றாம் மைசூர்ப் போரின்போது, இக்கணவாய் இரு பெரும் படைகளைச் சில நாள் இடைவெளியில் கண்டது. பாராமஹாலில் நின்ற தளபதி மேக்ஸ்வெல்லின் படையோடு இணைவதற்காகச் சென்னை ஆளுநர் மெடோஸ் தம் படையுடன் தெற்கிலிருந்து கணவாய் ஏறினார். இரு ஆங்கிலப் படைகளும் ஒன்றுகூடிய மறுநாளே, அவற்றின் கண்ணெதிரில் திப்பு சுல்தான் தம் பெரும் படையைத் திருப்பி, அதே கணவாய் வழியே தெற்கே இறங்கிவிட்டார். துரத்தி வந்தவர்களால் அவரை மறிக்க இயலவில்லை. அங்கிருந்து காவிரிக் கரை, திருச்சிராப்பள்ளி, திருவண்ணாமலை எனச் சுற்றிப் புதுச்சேரியின் எல்லைவரை சென்று பிரெஞ்சுக்காரர்களிடம் உதவி கோரினார் என்பது வரலாறு.

அதற்கு ஏறத்தாழ ஒரு மாதம் கழித்து, 1790 டிசம்பர் 15ஆம் நாள், ஐம்பத்தெட்டு வயதான ஓர் இசைவாணர் வியன்னாவிலிருந்து லண்டனுக்குப் புறப்பட்டார். அவர் பெயர் யோசப் ஹைடன். அவரை வழியனுப்ப வந்த இளைய நண்பர் மோட்சார்ட், அடுத்த ஆண்டு டிசம்பர் 5ஆம் நாள் முப்பத்தைந்தாம் வயதில் மறைந்தார். இருவரும் மீண்டும் சந்திக்கவில்லை.

இவ்விரு புறப்பாடுகளுக்கும் என்ன தொடர்பு என்று வாசகர் வினவலாம். நேரான தொடர்பு எதுவும் இல்லை. ஆயினும் கிழக்கின் போர்முரசு அக்காலத்து ஐரோப்பிய இசைமேதைகளின் ஏடுகளுக்குள் புகுந்த கதையையும், ஐரோப்பியப் படைவாத்தியம் சென்னைக் கோட்டையில் ஒலித்து நம் நாட்டு இசையைத் தொட்ட கதையையும் அருகருகே வைத்துப் பார்க்கும்போது, இந்த ஆண்டு ஒரு முனையாக நின்று உதவுகிறது. அதற்காகவே இதிலிருந்து தொடங்குகிறேன்.

நம்மவர் மேடைகளில் அடிக்கடி கேட்கப்படும் கூற்றொன்று உண்டு: ஐரோப்பிய இசை முழுவதும் முஸ்லிம்கள் ஈந்த கொடை என்பது அது. மிகைப்படுத்தும் இத்தகைய பெருமிதம் உண்மையான பெருமைக்கே ஊறு செய்துவிடும். அல்ஊத் என்னும் அரபுக் கருவி ஐரோப்பாவில் 'லூட்' ஆனதும், நக்காரா என்னும் இரட்டை முரசு சிலுவைப் போர்க் காலத்தில் பிரெஞ்சு மொழியில் 'நக்கேர்' ஆனதும், ரபாப் 'ரெபெக்' ஆனதும் மெய்யே. அல்ஃபாராபியின் 'கிதாபுல் மூஸீக்கல் கபீர்' இசையறிவின் பெருநூல்களுள் ஒன்று என்பதிலும் ஐயமில்லை. ஆனால் பல குரல்களை ஒரே நேரத்தில் ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி எழுப்பும் கலை, அந்த அடுக்கைத் தாளில் எழுதிவைக்கும் குறிமுறை ஆகியன ஐரோப்பியத் தேவாலயங்களிலும் அரசவைகளிலும் வளர்ந்தவை. பாஹும் ஹைடனும் அந்த மரபின் பிள்ளைகள். அந்த மரபின் வாசலைத் துருக்கிய முரசு தட்டியது, உள்ளேயும் சென்றது. எவ்வளவு தூரம் சென்றது, எந்த முகத்தோடு சென்றது என்பதே ஆராயத்தக்கது.

உஸ்மானியப் படைகளோடு சென்ற வாத்தியக் குழு 'மெஹ்தர்' எனப்பட்டது. தோளில் தொங்கவிட்டு அடிக்கும் தவுல் என்னும் பெருமுரசு, சுர்னா என்னும் உரத்த குழல், போரு என்னும் எக்காளம், நக்காரா, ஸில் என்னும் பித்தளைத் தாளம், ஒட்டகத்தின்மீதோ யானையின்மீதோ ஏற்றப்படும் கோஸ் என்னும் மாமுரசு, மணிகள் தொங்கும் செவ்கான் கோல் ஆகியவை அதன் கருவிகள். தவுலின் ஒரு முகத்தைப் பருத்த கோலாலும் மறு முகத்தை மெல்லிய குச்சியாலும் அடிப்பர். நம் நாதசுரக் கச்சேரியில் தவில் ஒரு பக்கம் கோலாலும் மறுபக்கம் கூடு அணிந்த விரல்களாலும் முழங்குவதைக் கண்ட எவருக்கும் இது வியப்பளிக்காது. தவுல், தவில் என்னும் பெயர்களின் ஒற்றுமையும் கவனத்திற்குரியது. சுர்னா, ஷெனாய், நாதசுரம் ஆகியவற்றின் உறவைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதலாம். தர்காக்களில் நகரா மண்டபம் எழுப்பிய நம் முன்னோருக்கு மெஹ்தரின் ஒலி அந்நியமாக இருந்திராது.

1683இல், ஹிஜ்ரி 1094இல், காரா முஸ்தபா பாஷாவின் படை வியன்னாவை இரு திங்கள் முற்றுகையிட்டது. மதில்களுக்கு வெளியே இரவும் பகலும் முழங்கிய மெஹ்தரை நகரத்து மக்கள் கேட்டனர். செப்டம்பர் 12ஆம் நாள் முற்றுகை முறிந்தது. 1699இல் கார்லோவிட்ஸ் உடன்படிக்கைக்குப் பின், அச்சம் மெல்ல வடிந்து ஆவல் தலைதூக்கியது. ஒருவனை அஞ்சும்வரை அவன் இசையை யாரும் ரசிப்பதில்லை போலும். போலந்து மன்னர் இரண்டாம் அகஸ்டஸ் 1720ஆம் ஆண்டளவில் சுல்தானிடமிருந்து ஒரு மெஹ்தர் குழுவையே அன்பளிப்பாகப் பெற்றார். ரஷ்ய அரசவை பின்தொடர்ந்தது. 1741இல் ஆஸ்திரிய அரசிக்காகப் போரிட்ட ட்ரெங்க் என்பவரின் படை, துருக்கிய வாத்தியம் முழங்க வியன்னாவுக்குள் நுழைந்தது. அரைநூற்றாண்டுக்குள் ஐரோப்பியப் படைகளில் பெருமுரசும் தாளமும் முக்கோண மணியும் இடம்பெற்றுவிட்டன. அத்தாளங்களுக்குப் பெயர்பெற்றது இஸ்தான்பூலில் பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஓர் அர்மீனியக் கைவினைஞர் தொடங்கிய ஸில்ஜியான் பட்டறை. 'தாளம் செய்பவர்' என்பதே அப்பெயரின் பொருள். இன்று உலகமெங்கும் மேடைகளில் ஒலிக்கும் தாளங்களில் அக்குடும்பப் பெயரே பொறிக்கப்பட்டிருக்கிறது.

பாசறையிலிருந்து அரங்கத்துக்கு முரசு நகர்ந்த கதையில் முதலில் குறிப்பிடத்தக்கவர் குளுக். 1764இல் வியன்னாவில் அரங்கேறிய அவருடைய 'எதிர்பாராச் சந்திப்பு' என்னும் இசைநாடகத்துக்கு 'மக்கா யாத்திரிகர்கள்' என்றும் ஒரு பெயர் உண்டு. இதே கதையை 1775இல் ஹைடனும் எஸ்டெர்ஹாசி அரண்மனைக்காக இசையமைத்தார். அதில் வரும் கலந்தர் துறவி பிறரை ஏய்த்துப் பிழைக்கும் வேடதாரி; அவனுடைய பாட்டு பார்வையாளர் சிரிப்பதற்காகவே அமைந்தது. இந்த ஏளனத்தை மறைத்துவிட்டு 'நம் இசையை அவர்கள் போற்றினர்' என்று மட்டும் எழுதுவது நேர்மையாகாது.

ஆயினும் மோட்சார்ட்டிடம் வரும்போது செய்தி சிக்கலாகிறது. வோல்ஃப்காங் அமாடேயுஸ் மோட்சார்ட் 1756 ஜனவரி 27 அன்று சால்ஸ்பர்க்கில் பிறந்தவர். ஐந்து வயதில் இசையமைக்கத் தொடங்கிய குழந்தையை, தந்தை லியோபோல்ட் ஐரோப்பிய அரசவைதோறும் அழைத்துச் சென்றார். 1775இல் எழுதிய ஐந்தாம் வயலின் கச்சேரியின் இறுதிப் பகுதியில், தாழ்குரல் நரம்புக் கருவிகளை வில்லின் மரப்பகுதியால் தட்டச் செய்து துருக்கிய முரசின் சாயலை வரவழைத்தார். சால்ஸ்பர்க் ஆயரின் ஊழியத்தை 1781இல் உதறிவிட்டு வியன்னாவில் தனித்து வாழத் துணிந்தபோது, அவருக்குக் கிடைத்த முதற் பெரும் வாய்ப்பு ஒரு துருக்கியக் கதைதான்: 'அந்தப்புரத்திலிருந்து கடத்தல்'. 1782 ஜூலை 16 அன்று அது அரங்கேறியது. அதே ஆண்டு டிசம்பர் 7 அன்று, சித்தூருக்கு அருகில் போர்ப் பாசறையில் ஹைதர் அலீ காலமானார்.

இந்த இசைநாடகத்தின் முகப்பிசையிலேயே பெருமுரசும் தாளமும் முக்கோண மணியும் சிறுகுழலும் ஒலிக்கின்றன. கதை எளியது. ஸ்பானியப் பெண் கொன்ஸ்டான்ஸ் கடற்கொள்ளையரால் பிடிக்கப்பட்டு ஸலீம் பாஷாவின் மாளிகையில் வாழ்கிறாள். அவளுடைய காதலன் பெல்மோந்தே அவளை மீட்க வருகிறான். மாளிகைக் காவலன் ஒஸ்மின் அவர்களைப் பிடித்துவிடுகிறான். விசாரணையில், பெல்மோந்தே தன் பரம எதிரியின் மகன் என்று பாஷா அறிகிறார். தன்னை நாட்டைவிட்டே துரத்திய, தன் வாழ்வைச் சூறையாடிய மனிதனின் மகன் கையில் சிக்கியிருக்கிறான். அவனை மன்னித்து விடுதலை செய்கிறார் பாஷா. பெற்ற தீமைக்கு நன்மையால் ஈடு செய்வது தனக்கு உவப்பானது என்கிறார்.

மூல நாடகத்தில் இம்முடிவு இவ்வாறு இல்லை. பிரெட்ஸ்னர் எழுதிய மூலத்தில், பெல்மோந்தே பாஷாவின் சொந்த மகன் என்று தெரியவருகிறது. மன்னிப்பு இரத்த பாசத்தால் வருகிறது. வியன்னாவில் ஸ்டெஃபானி என்பவர் மோட்சார்ட்டுக்காக அதைத் திருத்தியபோது, மகன் எதிரியின் மகன் ஆனான். அந்த ஒரு மாற்றத்தால் பாஷா உயர்ந்து நிற்கிறார். ஐரோப்பிய அரங்கில் ஒரு முஸ்லிம் ஆட்சியாளர், ஐரோப்பியருக்கே அறம் கற்பிப்பவராக நின்ற அரிய காட்சி இது. யோசப் பேரரசர் சமயச் சகிப்பு ஆணை பிறப்பித்த 1781ஐ ஒட்டிய காலம் அது என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

ஆனால் முழு உவகை கொள்ள இடமில்லை. பாஷா பிறப்பால் துருக்கியர் அல்லர், மதம் மாறிய ஐரோப்பியர் என்று நாடகத்தில் வரும் பணியாள் ஒருவனின் வாய்மொழியாகவே சொல்லப்படுகிறது. பிறவித் துருக்கியனான ஒஸ்மினோ முரடன், குடிக்க வைத்து ஏமாற்றத்தக்கவன், தண்டனைகளை நாவூற அடுக்குபவன். இன்னொன்றும் உண்டு, பல எழுத்தாளர்கள் இதைக் கடந்துபோய்விடுகின்றனர். ஸலீம் பாஷா பாடுவதே இல்லை. இசைநாடகத்தின் முதன்மைப் பாத்திரங்களுள் அவர் ஒருவர் மட்டும் உரைநடையில் பேசுகிறார். மன்னிப்பவருக்கு மோட்சார்ட் ஒரு வரி இசையும் தரவில்லை. சினத்தால் கொதிக்கும் காவலனுக்கு நாடகத்தின் மிகச் சிறந்த பாடல்களுள் சிலவற்றைத் தந்தார். 1781 செப்டம்பர் 26 அன்று தந்தைக்கு எழுதிய மடலில், ஒஸ்மினின் சினப் பாடலைப் பற்றி விரிவாக விளக்குகிறார் மோட்சார்ட். சினம் கொண்டவன் தன்னிலை மறப்பதுபோல் இசையும் தன் வழியை மறக்க வேண்டும். ஆயினும் எந்நிலையிலும் செவியைப் புண்படுத்தாமல் இசையாகவே இருக்க வேண்டும் என்பது அவர் கருத்து. துருக்கியக் காவற்படையின் குழுப்பாடல் வியன்னா மக்களுக்காகவே எழுதப்பட்டது என்றும் அதே மடலில் ஒளிவின்றிக் கூறுகிறார்.

இவ்வொரு வாக்கியம் பலவற்றைத் தெளிவாக்குகிறது. மோட்சார்ட் இஸ்தான்பூல் சென்றவர் அல்லர். அவர் செவியில் விழுந்தது, பெரும்பாலும், ஆஸ்திரியப் படைகள் தம் முறைக்கு வசப்படுத்திக்கொண்ட 'துருக்கிய இசை'. இரண்டிரண்டாக அடியெடுத்து வைக்கும் நடை, ஒரே சுரத்தைத் திரும்பத் திரும்ப அடித்தல், சுரத்தின் முன் ஒட்டிக்கொள்ளும் சிறு கமகம் போன்ற அசைவுகள், சிறுபண்ணும் பெரும்பண்ணும் திடீரென மாறிமாறி வருதல் ஆகியவையே அதன் அடையாளங்கள். மக்காம்களின் நுண்சுரங்களோ நீண்ட தாளச் சுற்றுகளோ அதில் இல்லை. 1784இல் அச்சான பியானோ சொனாட்டாவின் இறுதிப் பகுதியாகிய 'துருக்கிய முறையில்' என்னும் உலகப் புகழ்பெற்ற இசையும் இவ்வகையே. அந்தச் சொனாட்டாவின் கையெழுத்துத் தாள்கள் சில 2014இல் புடாபெஸ்ட் தேசிய நூலகத்தில் கண்டெடுக்கப்பட்டன. இருநூறாண்டுப் பழக்கத்தில் வாசித்துவந்த சில சுரங்களைத் திருத்திக்கொள்ள வேண்டியதாயிற்று.

1787இல் திப்பு சுல்தானின் தூதர் குழு, குலாம் அலீ கானின் தலைமையில், பஸ்ரா வழியே இஸ்தான்பூலை அடைந்தது. ஆங்கிலேயருக்கு எதிராக உஸ்மானியரின் துணையைத் தேடிய பயணம் அது. ஆனால் அவர்கள் சென்ற வேளை நல்வேளையன்று. சுல்தான் முதலாம் அப்துல் ஹமீத் ரஷ்யாவோடு போரில் இறங்கியிருந்தார். 1788 பிப்ரவரியில் ஆஸ்திரியாவும் ரஷ்யாவின் பக்கம் சேர்ந்துகொண்டது. மைசூருக்கு இஸ்தான்பூலிலிருந்து படையுதவி வராமற்போன காரணங்களுள் வியன்னாவின் போரும் ஒன்று. அதே மார்ச்சில், சகிப்பின் நாடகத்தை எழுதிய அதே மோட்சார்ட், வியன்னாவின் புறநகர் அரங்கில் நகைச்சுவை நடிகர் ஒருவர் பாடுவதற்காக ஒரு போர்ப் பாடலை இசையமைத்தார். தான் பேரரசனானால் முஸ்லிம்களை நடுங்கச் செய்வேன், கான்ஸ்டாண்டிநோபிளைக் கைப்பற்றுவேன் என்று பாடுவது அதன் பொருள். அதற்கும் பெருமுரசும் தாளமுமே பக்கவாத்தியம். யாருடைய முரசோ, அவருக்கு எதிராகவே அடிக்கப்பட்டது.

இனி ஹைடன். 1732இல் ரோராவ் என்னும் சிற்றூரில் வண்டிச் சக்கரம் செய்யும் தச்சரின் மகனாகப் பிறந்து, முப்பதாண்டுகளாக எஸ்டெர்ஹாசி இளவரசர்களின் இசைப்பணியாளராகச் சீருடை அணிந்து உழைத்தவர். 1790இல் இளவரசர் நிக்கோலாஸ் மறைந்த பின்னரே அவருக்கு விடுதலை கிடைத்தது. லண்டனில் இரு பயணங்களில் பன்னிரண்டு சிம்பொனிகளை அளித்தார். அவற்றுள் நூறாவது, 'இராணுவ சிம்பொனி', 1794 மார்ச் 31 அன்று முதன்முதலில் ஒலித்தது. அதன் இரண்டாம் பகுதி இனிய நடையில் தொடங்குகிறது. எதிர்பாராத கணத்தில் பெருமுரசும் தாளமும் முக்கோண மணியும் இடிபோல் இறங்குகின்றன. பிறகு தனித்த எக்காளம் ஒன்று படைக்கு அழைப்பு விடுக்கிறது. கேட்டவர்கள் போரின் பேரொலி கண்முன் எழுந்ததாக உணர்ந்து மீண்டும் வாசிக்கக் கோரினர்.

அக்கூட்டத்தினர் நினைத்தது அப்போது பிரான்சோடு நடந்துகொண்டிருந்த போரையே என்பதில் ஐயமில்லை. ஆனால் மைசூர்ப் போர் முடிந்து இரண்டே ஆண்டுகள் ஆகியிருந்தன. 1791இலேயே லண்டன் அரங்குகளில் திப்புவின் பெயரால் காட்சிகள் நடத்தப்பட்டன. 1792 மார்ச்சில் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி பாராமஹால் முழுவதும் கும்பினியின் கைக்கு மாறியது. தொப்பூர்ச் சாலை சுல்தானின் சாலையாக இருந்த காலம் அத்துடன் முடிந்தது. அலெக்சாண்டர் ரீட் ஆட்சியராக அமர, தாமஸ் மன்றோ அவருக்குத் துணையாகத் தர்மபுரியில் தங்கி நிலவரித் திட்டம் வகுத்தார். பிணையாகப் பிடிக்கப்பட்ட திப்புவின் இளம் புதல்வர் இருவர் சென்னையில் வைக்கப்பட்டு, ஹைடனின் சிம்பொனி அரங்கேறிய அதே 1794இல்தான் தந்தையிடம் திரும்ப ஒப்படைக்கப்பட்டனர். லண்டன் மண்டபத்தில் இனிய அதிர்ச்சியாக ஒலித்த முரசு, பாராமஹால் குடியானவனுக்கு இடிந்த கோட்டையாகவும் பெயர்ந்த ஊராகவும் பொருள்பட்டது.

பீத்தோவனின் வாழ்க்கை நம் வாசகர் பலரும் அறிந்ததே. செவிப்புலன் இழந்தும் எழுதிக்கொண்டே இருந்தவர் என்பதை மீண்டும் விரிக்கத் தேவையில்லை. 1812இல் பெஸ்ட் நகரத்துப் புதிய அரங்கத் திறப்புக்காக அவர் இசையமைத்த 'ஏதென்ஸின் இடிபாடுகள்' நாடகத்தில் இருந்தே புகழ்பெற்ற 'துருக்கிய அணிவகுப்பு' வருகிறது. அதே நாடகத்தில் தர்வேஷ்களின் குழுப்பாடல் ஒன்றும் உண்டு. அதில் கஃபாவும் அண்ணல் நபி (ஸல்) அவர்களின் திருப்பெயரும் விளிக்கப்படுகின்றன. நிலவு பிளந்த அற்புதமும் குறிப்பிடப்படுகிறது. சுழன்று சுழன்று ஏறும் அந்த இசையில் திக்ரு மஜ்லிஸின் சாயலைக் கேட்பவர் உணர்வர். ஆனால் நாடகத்தின் கருத்தோ, ஏதென்ஸின் கலைச்செல்வம் துருக்கியரின் கீழ் பாழானது என்பதுதான். இசை ஒரு பக்கம் இழுக்கிறது, நாடகம் மறுபக்கம் இழுக்கிறது.

அடுத்த ஆண்டு பீத்தோவன் எழுதிய 'வெலிங்டனின் வெற்றி' நமக்கு இன்னும் நெருக்கமானது. 1813 ஜூனில் ஸ்பெயினின் விட்டோரியா களத்தில் பிரெஞ்சுப் படையை வென்ற வெலிங்டன், 1799 மே 4 அன்று திப்பு சுல்தான் ஷஹீதான ஸ்ரீரங்கப்பட்டணப் போரில் பங்கேற்று, அந்நகரின் நிர்வாகத்தை ஏற்ற அதே ஆர்தர் வெல்லெஸ்லிதான். இந்த இசை முதலில் மேல்ட்செல் என்பவர் அமைத்த ஓர் எந்திர ஆர்கனுக்காகத் திட்டமிடப்பட்டது. வெல்லெஸ்லி சகோதரர்களின் வெற்றியால் லண்டன் போய்ச் சேர்ந்த இன்னோர் எந்திர ஆர்கன் அப்போதே அங்குக் காட்சியில் இருந்தது. அது திப்புவின் புலி. ஆங்கிலச் சிப்பாயின்மீது பாய்ந்து நிற்கும் அந்த மரப்புலியின் வயிற்றுக்குள் பதினெட்டு விசைகள் கொண்ட ஆர்கன் உண்டு. கைப்பிடியைச் சுழற்றினால் புலி உறுமும், சிப்பாய் அலறிக் கையை அசைப்பான். 1808 முதல் கும்பினி மாளிகையில் வைக்கப்பட்டு, இன்று விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் உள்ளது. ஐரோப்பிய முறைக் குழாய்களைக் கொண்டு ஐரோப்பியனின் அலறலை இசைக்கச் செய்த அக்கருவியைக் காணும்போது, துருக்கியனின் முரசைக் கொண்டு துருக்கியனை ஏளனம் செய்த அரங்கங்களுக்கு மைசூர் அளித்த மறுமொழியாகவே தோன்றுகிறது. திப்பு அவ்வாறு எண்ணிச் செய்தார் என்று நான் சொல்லவில்லை.

'வெலிங்டனின் வெற்றி'யில் ஆங்கிலேயரின் அரச வாழ்த்துப் பண்ணும் ஒலிக்கிறது. பீத்தோவன் அப்பண்ணை ஏற்கெனவே 1803இல் பியானோவுக்கான மாறுபாடுகளாக விரித்திருந்தார். ஹைடனோ, லண்டனில் அதை மக்கள் கூடிப் பாடக் கேட்டு உள்ளம் கவரப்பட்டு, தம் நாட்டுக்கும் அத்தகைய ஒன்று வேண்டும் என விழைந்து 1797இல் ஆஸ்திரியப் பேரரசர் வாழ்த்தை அமைத்தார். இதே ஆங்கிலப் பண் மூன்றாவதாக ஒரு மேதையின் கையிலும் விழுந்தது. அவர் வியன்னாவில் இல்லை. சென்னைக்கு அருகே மணலியில் இருந்தார்.

முத்துசுவாமி தீட்சிதர் பீத்தோவனுக்கு ஏறத்தாழ ஐந்து ஆண்டு இளையவர், 1835இல் மறைந்தார். மணலி முதலியாரின் ஆதரவில் குடும்பம் வாழ்ந்த நாள்களில், புனித ஜார்ஜ் கோட்டையின் ஆங்கிலப் படைவாத்தியத்தைக் கேட்கும் வாய்ப்பு அவருக்குக் கிடைத்தது. அங்குக் கேட்ட அணிவகுப்பு, நடனப் பண்களுக்குச் சங்கராபரண ராக அமைப்பில் வடமொழிச் சாகித்தியம் இயற்றினார். 'நோட்டுசுர சாகித்தியங்கள்' எனப்படும் அவை ஏறத்தாழ நாற்பது கிடைக்கின்றன. 'சந்ததம் பாஹிமாம்' என்று தொடங்குவது ஆங்கில அரச வாழ்த்தின் பண்ணே. அரசனைக் காக்குமாறு வேண்டிய பண்ணில் அவர் அம்பிகையை வேண்டினார். இளவல் பாலுசுவாமி தீட்சிதர் ஐரோப்பியர் ஒருவரிடம் வயலின் கற்று, அதைத் தென்னக இசைக்குப் பழக்கினார். வயலின் இல்லாத கருநாடக இசைக் கச்சேரியை இன்று எவரும் எண்ணிப் பார்க்கவும் இயலாது.

இவ்விடத்தில் ஒரு சுற்று முழுமை பெறுவதைக் காணலாம். பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் பிரிட்டிஷ் படைவாத்தியங்களிலும் துருக்கியப் பாணி பரவிவிட்டது. பெருமுரசும் தாளமும் முழக்க ஆப்பிரிக்க வம்சாவளியினரைத் தேடிப் பிடித்து, கிழக்கத்திய ஆடை அணிவித்து நிறுத்தினர். கோட்டையில் ஒலித்த அப்படைவாத்திய மரபுக்குள் இஸ்தான்பூலின் அடி ஏற்கெனவே கலந்திருந்தது.

ஐரோப்பியரின் பக்கத்தில் ஒவ்வொரு முரசடியும் தாளில் பதிந்திருக்கிறது. ஹைடன் தம் நூறாம் சிம்பொனியில் எந்த மாத்திரையில் முரசை இறக்கினார் என்பதை இன்றும் விரல்வைத்துக் காட்டலாம். 1790 நவம்பரில் தொப்பூர்க் கணவாயில் இறங்கிய சுல்தானின் படையோடு சென்ற நகராவின் அடியை அவ்வாறு காட்ட இயலாது. திப்புவின் அவையில் ஹசன் அலீ இஸ்ஸத் தொகுத்த 'முஃபர்ரிஹுல் குலூப்' என்னும் பாடல் நூல் கையெழுத்துப் படிகளாக எஞ்சியுள்ளது. சொற்கள் நிற்கின்றன, நாதம் தாளில் ஏறவில்லை. உஸ்மானியரிலும் இதே நிலைதான். போலந்தில் பிறந்து, சிறைப்பட்டு, இஸ்லாத்தைத் தழுவி அரண்மனை இசைஞரான அலீ உஃப்கி பதினேழாம் நூற்றாண்டில் ஐரோப்பியக் குறிமுறையில் எழுதிவைத்தவையும், அவருக்குப் பின் கந்தமீர் தாமே வகுத்த குறிமுறையில் பதிந்தவையும் இல்லையேல், மெஹ்தரைப் பற்றிய நம் அறிவு மேலும் சுருங்கியிருக்கும். ஆசான் வாய்வழி மாணவன் செவிக்குச் செல்லும் மரபு உயிர்ப்புள்ளது. ஆனால் ஆசானும் மாணவனும் ஒரே நாளில் கலைக்கப்பட்டால் அது என்னாகும்?

அது நடந்தது. 1824 மே 7 அன்று வியன்னாவில் பீத்தோவனின் ஒன்பதாம் சிம்பொனி அரங்கேறியது. மனித குலம் உடன்பிறப்புகளாதலைப் பாடும் அதன் இறுதிப் பகுதியில், ஒற்றை ஆண்குரல் எழுவதற்கு முன், பெருமுரசும் தாளமும் முக்கோண மணியும் மெல்லிய துருக்கிய நடையில் தொலைவிலிருந்து நெருங்கி வருகின்றன. இம்முறை அங்கே ஏளனம் இல்லை. அதற்கு ஈராண்டுகள் கழித்து, 1826 ஜூனில், சுல்தான் இரண்டாம் மஹ்மூத் யெனிச்சேரிப் படையைக் குருதி சிந்தக் கலைத்தார். மெஹ்தரும் அதனுடன் கலைக்கப்பட்டது. ஐரோப்பிய முறையில் புதிய படைவாத்தியம் அமைக்க, புகழ்பெற்ற இசைநாடக ஆசிரியர் கேதானோ தோனிசெத்தியின் தமையன் ஜுசெப்பே இத்தாலியிலிருந்து வரவழைக்கப்பட்டு, 1828இல் இஸ்தான்பூல் வந்து சேர்ந்தார். சுல்தானுக்காக 'மஹ்மூதிய்யா' அணிவகுப்பை அமைத்தவர் அவரே. 1847இல் பியானோ மேதை லிஸ்ட் இஸ்தான்பூல் வந்து சுல்தான் அப்துல் மஜீதின் முன் வாசித்தபோது, தோனிசெத்தியின் அணிவகுப்பொன்றையே விரித்து இசைத்தார்.

மெஹ்தர் 1914இல் மீண்டும் உயிர்ப்பிக்கப்பட்டது. இன்று இஸ்தான்பூல் இராணுவ அருங்காட்சியகத்தில் அது முழங்குகிறது. ஆனால் இப்போது வாசிக்கப்படும் அணிவகுப்புகளில் பெரும்பாலானவை மறுஉயிர்ப்புக்குப் பின் அமைந்தவை. தோனிசெத்தி பாஷா ஊர் திரும்பவில்லை. 1856இல் இஸ்தான்பூலிலேயே காலமானார்.